அப்பாவிடம் கேட்காத கேள்வி



எங்கள் வீடுகளில் அப்பாவோடு கதைப்பதற்கென்று சில விடயங்கள்தான் உண்டு. கிணற்றில் தண்ணீர் எவ்வளவு நிற்கிறது, மின்சாரக் காசு கட்டியாயிற்றா, பிறஷர் மருந்து முடிந்துவிட்டதா, கோயிலில் கொடியேற்றம் எப்போது. இதற்கு அப்பால் கதை போவதில்லை. அம்மாவோடு என்றால் சண்டை பிடிப்போம், அழுவோம், பிறகு சேர்ந்திருந்து தேத்தண்ணி குடிப்போம். அப்பாவோடு அப்படியல்ல. அவர் எடுத்த முடிவுகளுக்குள்ளேதான் எங்கள் வாழ்க்கை முழுவதும் நடந்தது. ஆனால் “ஏனப்பா அப்பிடிச் செய்தனீங்கள்?” என்று கேட்டவர்கள் எங்களில் எத்தனை பேர்?

அப்படிக் கேட்ட ஒரு மகளைப் பற்றித்தான் இந்த மாதம் எழுதுகிறேன். அவள் எங்கள் நாட்டவள் அல்ல. யப்பானில் பிறந்த கொரியப் பெண். பெயர் யாங் யொங்-ஹி. தன் தகப்பனைப் பற்றி அவள் எடுத்த விவரணப் படத்தின் பெயர் ‘டியர் பியோங்யாங்’. ‘அன்புள்ள பியோங்யாங்’ என்று சொல்லலாம். பியோங்யாங் வடகொரியாவின் தலைநகரம். 2005இல் முடிக்கப்பட்ட இந்தப் படம் 2006இல் அமெரிக்காவின் சண்டான்ஸ் திரைப்பட விழாவிலும் ஜேர்மனியின் பெர்லின் திரைப்பட விழாவிலும் பரிசு பெற்றது.

எங்கள் நிலையத்தில் மாதக் கடைசிச் சனிக்கிழமைப் பின்னேரங்களில் ஒரு படம் போட்டுப் பார்த்து, அதைப் பற்றிக் கதைப்பது வழக்கம். இந்தப் படத்தில் கதைப்பது யப்பானிய மொழியும் கொரிய மொழியும். கீழே ஓடுகிற ஆங்கில எழுத்தை ஒரு தங்கச்சி வாசித்துத் தமிழில் சொல்லச் சொல்ல நாங்கள் பார்த்தோம். பாதிக்குப் பிறகு அவள் சொல்வதை நிறுத்தினாலும் எங்களுக்கு விளங்கியது.

படத்தை விளங்கிக்கொள்வதற்குக் கொஞ்சம் சரித்திரம் தேவை. 1910 முதல் 1945 வரை கொரியா யப்பானின் ஆட்சியின் கீழ் இருந்தது. அந்தக் காலத்தில் பிழைப்புக்காகச் சென்றும், வேலைக்கென்று பலவந்தமாகக் கொண்டுசெல்லப்பட்டும் இலட்சக்கணக்கான கொரியர்கள் யப்பானில் சேர்ந்தார்கள். யுத்தம் முடிந்த பின் பெரும்பாலானோர் திரும்பிப் போக, ஏறத்தாழ 6 இலட்சம் பேர் அங்கேயே தங்கிவிட்டார்கள். 1948இல் கொரியா வடக்கு, தெற்கு என்று இரண்டு நாடாகியது. 1950 முதல் 1953 வரை அங்கே பெரும் யுத்தம் நடந்தது. யப்பானில் இருந்த கொரியர்களோ 1952இல் யப்பானியப் பிரசாவுரிமையை இழந்தார்கள். அரச வேலை இல்லை. நல்ல கொம்பனிகளில் இடம் இல்லை. நலன்புரி உதவிகள் பலவும் இல்லை. பிறந்த நாட்டிலேயே அந்நியர் என்ற அட்டையோடு வாழ்வது எப்படி இருக்கும் என்பதை எங்கள் வாசகியருக்கு நான் விளக்கத் தேவையில்லை.

யொங்-ஹியின் தகப்பன் தெற்கே உள்ள ஜெஜு தீவில் பிறந்தவர். 1942இல், பதினைந்து வயதில், யப்பானுக்கு வந்து ஒஸாகா நகரத்தில் வாழத் தொடங்கினார். பிறந்தது தெற்கில் என்றாலும் அவர் மனம் வடக்கின் பக்கம் சாய்ந்தது. அதற்குக் காரணமும் இருந்தது. யப்பானில் இருந்த கொரியப் பிள்ளைகளின் பாடசாலைகளுக்கு 1957 முதல் காசு அனுப்பியது வடகொரியாதான். கைவிடப்பட்டவர்களுக்கு யார் கை நீட்டுகிறார்களோ அவர்கள் பக்கம் சனம் போவது இயல்பு. 1955இல் தொடங்கப்பட்ட, வடக்கை ஆதரிக்கும் கொரியர் சங்கமான சொங்ரியொன் அமைப்பில் அவர் முழுநேரமாக வேலை செய்து, ஒஸாகாவில் பெரிய பொறுப்பாளர் ஆனார். மனைவியும் அதே வழியில் நின்றார்.

1959 டிசெம்பரில் யப்பானின் நீகாட்டா துறைமுகத்திலிருந்து வடகொரியாவுக்கு முதலாவது கப்பல் புறப்பட்டது. இரண்டு நாட்டுச் செஞ்சிலுவைச் சங்கங்களும் சேர்ந்து நடத்திய ஏற்பாடு அது. படிப்பு இலவசம், வைத்தியம் இலவசம், வேலை உண்டு, வீடு உண்டு, பூலோக சுவர்க்கம் என்று பிரசாரம் நடந்தது. பத்திரிகைகளும் புகழ்ந்து எழுதின. 1984 வரை ஏறத்தாழ 93,000 பேர் அந்தக் கப்பல்களில் போனார்கள். அவர்களில் பெரும்பாலானோரின் சொந்த ஊர் தெற்கில்தான். கொரியரைக் கலியாணம் செய்து, புருஷனோடு கூடிப் போன யப்பானியப் பெண்கள் மட்டும் ஏறத்தாழ 1,800 பேர். போனவர்கள் நினைத்தபோது திரும்பி வர முடியவில்லை.

1971, 72 ஆண்டுகளில் யொங்-ஹியின் மூன்று அண்ணன்மாரும் போனார்கள். மூவரும் இளவயதுப் பிள்ளைகள். அனுப்பியவர் தகப்பன். சங்கத்தின் பொறுப்பாளராக இருந்து மற்றவர்களைப் போகச் சொன்னவர் தன் பிள்ளைகளையும் அனுப்பினார். வீட்டில் மிஞ்சியது கடைக்குட்டியான ஒரே பெண்பிள்ளை. அப்போது அவளுக்கு ஆறு வயது.

இவ்வளவும் கேட்டதும் இந்தத் தகப்பன் ஒரு கடுமையான, சிரிக்காத மனிதர் என்றுதான் நீங்கள் நினைப்பீர்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் மகளின் கமராவுக்குள் வருகிற மனிதர் வேறு. உள் பெனியனோடு வீட்டில் சம்மணம் கட்டி இருக்கிறார். சாப்பிடுகிறார், குடிக்கிறார், பாடுகிறார். மனைவியைக் கேலி பண்ணுகிறார். மகளுக்கு எப்போது கலியாணம் என்று விடாமல் அரிக்கிறார். மாப்பிள்ளை யாராகவும் இருக்கலாமாம், அமெரிக்கனும் யப்பானியனும் மட்டும் வேண்டாமாம். அதைக் கேட்டு எங்கள் மண்டபமே சிரித்தது. “எங்கட அப்பாவும் இப்பிடித்தான் ஒரு லிஸ்ற் வைச்சிருந்தவர்” என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

இந்தப் படத்தின் பலமே அதுதான். தகப்பனை வில்லனாகவும் காட்டவில்லை, தெய்வமாகவும் காட்டவில்லை. சிறிய வீடியோ கமரா ஒன்றோடு, 1995 முதல் பத்து வருடங்களாக, அந்த மகள் அவரைப் படம் பிடித்திருக்கிறாள். கொரியப் பாடசாலையில் படித்து, தகப்பன் சொன்னதையே உலகம் என்று நம்பி வளர்ந்தவள் அவள். வளர்ந்த பிறகு அதை நம்ப முடியாமல் விலகி, நியூயோர்க் வரை போய்ப் படித்துத் திரும்பியவள். தகப்பனோடு கருத்தில் ஒத்துப்போக முடியாது. தகப்பனை விட்டுவிடவும் முடியாது. இந்த இரண்டுக்கும் நடுவே நின்றுதான் அவள் கமராவைப் பிடிக்கிறாள்.

தகப்பனைப் பற்றிய படம் என்றாலும் என் கண் அடிக்கடி தாயிடம்தான் போனது. அந்த அம்மா பெட்டி கட்டிக்கொண்டே இருக்கிறார். மகன்மாருக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் மருந்து, உடுப்பு, பென்சில், அழிறப்பர், குளிர் காலத்தில் உடம்பைச் சூடாக்கும் சிறு பொதிகள் என்று ஒவ்வொன்றாக அடுக்கி, நாடாவால் சுற்றி ஒட்டி அனுப்புகிறார். சுவர்க்கம் என்று சொல்லிப் பிள்ளைகளை அனுப்பிய வீட்டிலிருந்து அந்தச் சுவர்க்கத்துக்குப் பென்சில் போகிறது. அந்தத் தாய் வாய் திறந்து ஒரு குறை சொல்லவில்லை. பெட்டிகளே எல்லாவற்றையும் சொல்லிவிடுகின்றன.

2001இல் தாய், தகப்பன், மகள் மூவரும் கப்பலில் பியோங்யாங்குக்குப் போகிறார்கள். தகப்பனின் பிறந்தநாளை அங்கே வைத்துக் கொண்டாடுகிறார்கள். சட்டையில் பதக்கங்கள் நிரம்பியிருக்க எழுந்து பேசுகிறார். பிள்ளைகளைப் பற்றிப் பேசுவார், பிரிந்திருந்த வருடங்களைப் பற்றி ஒரு சொல்லாவது சொல்வார் என்று நாங்கள் காத்திருந்தோம். தன் விசுவாசம் இன்னும் போதாது, பேரப்பிள்ளைகளையும் விசுவாசமுள்ளவர்களாக வளர்க்கவேண்டும் என்றுதான் அவர் பேசினார். மகள் அந்த இடத்தில் தகப்பனிடமிருந்து எவ்வளவு தூரத்தில் நிற்கிறாள் என்பது எங்களுக்கும் உறைத்தது.

ஆனால் படம் அதோடு முடியவில்லை. ஊர் திரும்பிய பிறகு, பதக்கம் இல்லாத வீட்டு உடுப்பில் இருக்கும் தகப்பனிடம் மகள் மெதுவாகக் கதை கொடுக்கிறாள். முதலில் தன் விடயம் கேட்கிறாள். வேலைக்காக நாடு நாடாகப் போக வேண்டியிருக்கிறது, தென்கொரியப் பிரசாவுரிமைக்கு மாறலாமா என்கிறாள். வாழ்நாள் முழுவதும் வடக்குக்காக உழைத்த மனிதர், மாறிக்கொள் என்று விட்டுக்கொடுக்கிறார். அதன் பிறகுதான் அவள் அந்தக் கேள்விக்கு வருகிறாள். அண்ணன்மாரை அனுப்பியதைப் பற்றி இப்போது என்ன நினைக்கிறீர்கள்?

அவர் உடனே பதில் சொல்லவில்லை. பிறகு, அனுப்பாமல் விட்டிருந்தாலும் நல்லதாய் இருந்திருக்கும் என்ற கருத்தில் சில சொற்கள் சொல்கிறார். எல்லாம் நன்றாக வரும் என்றுதான் அன்று நம்பினோம் என்கிறார். அவ்வளவுதான். அழுகை இல்லை, மன்னிப்பு இல்லை. முப்பது வருடங்களுக்கு மேல் அந்த வீட்டுக்குள் ஒருவரும் உச்சரிக்காத ஒரு விடயம், தகப்பனின் வாயாலேயே மேசைக்கு வந்துவிடுகிறது.

அதற்குப் பின் அதிக காலம் கிடைக்கவில்லை. தகப்பனுக்கு மூளையில் இரத்தக்குழாய் அடைத்து, படுக்கையில் விழுந்துவிடுகிறார். வைத்தியசாலைக் கட்டிலில் இருக்கும் அவர் கையை மகள் பிடித்துக்கொண்டிருக்கிறாள். வாய் நிறையக் கதைத்த மனிதருக்குச் சொல் வருவதே பெரும்பாடாகிவிட்டது. சுகமாகி எல்லாருமாகப் பியோங்யாங்குக்குப் போவோம் என்று மகள் சொல்கிறாள். 2009இல் அவர் காலமானார். கேள்வி இன்னும் ஒரு வருடம் பிந்தியிருந்தால் பதில் இல்லாமலே போயிருக்கும்.

கேட்டதற்கு அவள் விலையும் கொடுத்தாள். படம் வெளிவந்ததும் சங்கத்தினர் மன்னிப்புக் கேட்கச் சொன்னார்கள். அவள் கேட்கவில்லை. வடகொரியாவுக்குள் நுழைவதற்கு அவளுக்குத் தடை வந்தது. அண்ணன்மாரைப் போய்ப் பார்க்கும் வழி அதோடு அடைபட்டது. அதன் பிறகும் அவள் நிறுத்தவில்லை. பியோங்யாங்கில் வளரும் அண்ணன் மகளைப் பற்றி 2009இல் ஒரு படம், தாயைப் பற்றி 2021இல் ஒரு படம் எடுத்தாள். தாயின் படத்தில்தான் இன்னொரு முடிச்சு அவிழ்கிறது. 1948இல் ஜெஜு தீவில் ஒரு கிளர்ச்சியும் அதை அடக்குவதற்கென்று நடந்த பெருங்கொலையும் நிகழ்ந்தன. 25,000 முதல் 30,000 வரையானோர் இறந்திருக்கலாம் என்று கணக்கிடுகிறார்கள். அந்தக் கொலைகளின் நடுவிலிருந்து தப்பியோடி வந்த பதினெட்டு வயதுப் பெண்தான் அந்தத் தாய். தெற்கின் அரசை அவர் ஏன் கடைசிவரை நம்பவில்லை என்பது மகளுக்கு அப்போதுதான் விளங்குகிறது.

படம் முடிந்து மின்விளக்கைப் போட்டதும் கொஞ்ச நேரம் ஒருவரும் கதைக்கவில்லை. பிறகு ஒரு அக்கா சொன்னார்: “அந்த மனிசனை எனக்கு மன்னிக்க ஏலாது. தான் இருந்துகொண்டு பிள்ளையளை அனுப்பினவர்.” வயதான அம்மா ஒருவர் உடனே மறுத்தார்: “அண்டைக்கு எது நல்லதெண்டு பட்டுதோ அதைத்தானே பிள்ளை செய்தவர். பிறகு வந்து நிண்டுகொண்டு சொல்லுறது ஆருக்கும் லேசு.” இரண்டு பேருடைய குரலும் நடுங்கியது. எங்கள் நடுவில் கொள்கைக்காகப் பிள்ளையைக் கொடுத்த வீடும் இருக்கிறது, கேளாமல் பறிகொடுத்த வீடும் இருக்கிறது, காப்பாற்றுவதற்காகத் தூர அனுப்பிய வீடும் இருக்கிறது. எது சரி என்று தீர்ப்புச் சொல்ல அன்று ஒருவரும் முயலவில்லை. அது நல்லது என்றே நினைக்கிறேன்.

எங்கள் வீடு மூன்றாவது வகை. 1986இல் அண்ணாவுக்குப் பதினேழு வயது, எனக்குப் பன்னிரண்டு. சுற்றிவளைப்புகளில் பெடியன்களைப் பிடித்துக்கொண்டு போன காலம். அப்பா ஒரு காணித்துண்டை விற்று, ஏஜென்சிக்குக் காசு கட்டி அண்ணாவை ஜேர்மனிக்கு அனுப்பினார். “ஆறு மாதத்தில எல்லாம் சரியாயிடும், திரும்பி வந்திடுவாய்” என்று சொல்லித்தான் அனுப்பினார். 1999இல் அம்மா செத்தபோது பாதையும் இல்லை, ரெலிபோனும் இல்லை. எட்டுச் செலவு முடிந்த பிறகுதான் அண்ணாவுக்குச் சேதி போய்ச் சேர்ந்தது. அவன் முதன்முதல் வந்து படலையடியில் நின்றது 2011இல். நரைத்த தலையோடு நின்றவனை அப்பாவுக்கு மட்டுக்கட்ட முடியவில்லை.

அனுப்பாமல் விட்டிருந்தால் அம்மா அவனைப் பார்த்துவிட்டுக் கண் மூடியிருப்பாள். இந்த எண்ணம் எனக்குள் வருடக்கணக்காக இருந்தது. அப்பாவுக்குச் சோறு போடும்போதும் இருந்தது, மருந்து கொடுக்கும்போதும் இருந்தது. ஒருநாளும் நான் கேட்கவில்லை.

படம் பார்த்த அடுத்த கிழமை, ஒரு பின்னேரம், விறாந்தையில் அப்பா சாய்மனைக் கதிரையில் இருந்தார். எண்பத்தைந்து வயது கடந்தவர். சில நாட்களில் என் பெயரே மாறி வரும். அன்று நல்ல தெளிவாக இருந்தார். முதலில் அவருடைய ஐயாவின் சுருட்டுக் கொட்டிலைப் பற்றிக் கேட்டேன். அரை மணித்தியாலம் உற்சாகமாகச் சொன்னார். பிறகு கேட்டேன்: “அப்பா, அண்ணாவை அனுப்பினது சரியெண்டு இப்பவும் நினைக்கிறீங்களோ?”

நெடுநேரம் முற்றத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“அவனை அனுப்பினதுக்கு நான் ஒருநாளும் கவலைப்படேல்லை. உயிரோட இருக்கிறான். ஆனா அந்தக் காணி உன்ரை. கொம்மா தன்ரை சீதனக் காணியை உனக்கெண்டுதான் வைச்சிருந்தவ. பன்ரண்டு வயதுப் பிள்ளையிட்டை என்னத்தைக் கேக்கிறதெண்டு ஒரு சொல்லுக் கேக்காமல் வித்துப்போட்டன். அதுதான் எனக்குக் கிடக்கிறது.”

எனக்கு வாயடைத்துவிட்டது. அந்தக் காணியை நான் நினைத்ததே இல்லை. நான் அண்ணாவைப் பற்றிக் கேட்கிறேன் என்று இருக்க, அவர் இத்தனை வருடமும் எனக்குச் சொல்ல ஒரு பதிலை வைத்துக்கொண்டு இருந்திருக்கிறார். நான் கொடுத்த ஒவ்வொரு கோப்பை தேத்தண்ணியையும் அந்தக் கடனோடுதான் வாங்கிக் குடித்திருக்கிறார். “அண்ணா உயிரோட இருக்கிறான்தானே, காணி போனால் போகட்டும் அப்பா” என்றேன். அவர் தலையை ஆட்டினார். அதற்குப் பிறகு அந்தக் கதை எங்களுக்குள் வரவில்லை. ஆனால் அப்பாவுக்குப் பக்கத்தில் இருப்பது எனக்கு முந்தியதைவிட இலேசாக இருக்கிறது.

தோழியரே, உங்கள் வீட்டிலும் இப்படிக் கேட்காத கேள்வி ஒன்று இருக்கலாம். அதைக் கேட்க விரும்பினால், எனக்குத் தெரிந்த சிலவற்றைச் சொல்கிறேன். பெரிய கேள்வியில் தொடங்காதீர்கள். பிறந்த வீடு, முதல் வேலை, முதல் சம்பளம் என்று அவருக்கு விருப்பமான இடத்திலிருந்து தொடங்குங்கள். கேள்வி, வழக்கு விசாரணை போல இருக்கக்கூடாது. பதில் வராவிட்டால் விட்டுவிடுங்கள். இன்னொரு நாள் வரலாம், வராமலும் போகலாம். நினைவு வந்து அவர் நடுங்கினாலோ அழுதாலோ கதையை நிறுத்திக் கையைப் பிடித்துக்கொண்டு இருங்கள். அது போதும்.

கைத்தொலைபேசியில் குரலைப் பதிந்து வைக்கலாம். ஆனால் கேட்டுவிட்டுப் பதியுங்கள், ஒளித்துப் பதியாதீர்கள். பதிந்ததை யாருக்கும் அனுப்ப வேண்டிய அவசியமும் இல்லை. யொங்-ஹி உலகத்துக்குக் காட்டினாள், அதன் விலையையும் தெரிந்துதான் காட்டினாள். எங்கள் வீட்டுக் கதையில் மற்றவர்களுடைய பெயரும் இருக்கும், அவர்களுடைய பாதுகாப்பும் இருக்கும். வீட்டுக்குள் பேசி வீட்டுக்குள்ளேயே வைத்திருந்தாலும் அது பேசியதுதான்.

எல்லா அப்பாவும் கேள்வி கேட்கக்கூடிய அப்பா அல்ல என்பதும் எனக்குத் தெரியும். அடித்துத் துன்புறுத்திய தகப்பனிடம் போய்க் கதை கேளுங்கள் என்று நான் சொல்லமாட்டேன். அப்படியானவர்களுக்குக் கேட்காமல் விலகி நிற்கவும் உரிமை உண்டு. அப்பாவை இழந்தவர்களும், அப்பா எங்கே என்று இன்னும் தேடிக்கொண்டிருப்பவர்களும் இந்தப் பக்கத்தை வாசிப்பீர்கள். உங்களுக்குக் கேட்க ஆள் இல்லை. ஆனால் அவரை அறிந்த அத்தை, சித்தப்பா, அவரோடு வேலை செய்தவர்கள், பக்கத்து வீட்டார் இருக்கலாம். அவர்களிடம் கேளுங்கள். அவர் எந்தப் பாட்டைப் பாடுவார், எதற்குக் கோபப்படுவார், சைக்கிளில் உங்களை எங்கே இருத்திக்கொண்டு போவார் என்பதை ஒரு கொப்பியில் எழுதி வையுங்கள். பிள்ளைகளுக்கு அவரைக் காட்ட ஒரு படம்கூட இல்லாத வீட்டில் அந்தக் கொப்பிதான் படம்.

இதை எழுதி முடிக்கும் நேரம் அப்பா விறாந்தையிலிருந்து கூப்பிடுகிறார். சுருட்டுக் கொட்டில் கதையில் ஏதோ ஒன்று சொல்ல விட்டுப்போயிற்றாம். நான் போகவேண்டும்.

அடுத்த மாதம் சந்திப்போம்.